விலை போகாத குல்லா

வெயிலுக்குப் பயந்து ஏலத்தைக் காலையிலேயே தொடங்கிவிட்டார்கள்.
புஷேர் ரெசிடென்சி முற்றத்தில் ஒரு கயிற்றுக் கட்டில்,
அதன்மேல் செத்துப்போன துரையின் சாமான்கள்.
சவரக் கத்தி இரண்டு. கொசுவலை. தோல் பெட்டி.
எலும்பறுக்கும் வாளுக்குத்தான் போட்டி.
ஒரு தச்சன் ஒன்பது கிரானுக்கு எடுத்தான்.

பிறகு அந்தக் குல்லா.
கருஞ்சிவப்பு வெல்வெட், வெள்ளிக் குஞ்சம்,
நெற்றியில் 1881 என்று தையல்.
குமாஸ்தா சுழற்றிக் காட்டினார்.
"நாடகத்துக்கா?" என்றது ஒரு குரல்.
எனக்குத் தெரியும். ஆனால்
மரியசூசை, கம்பவுண்டர், திருச்சிராப்பள்ளிப் பாலக்கரை:
என்னிடம் யார் கேட்டார்கள்?

கேப்டன் ட்ரெகார்த்தன் தன் நாட்டுக்காக
இரண்டே ஆட்டம் ஆடியவர்.
இரண்டாவதில் வலது தோள் கழன்றது.
அன்று முதல் அது வீட்டுக்கு அடங்காத பிள்ளை,
நினைத்தபோது வெளியே போகும்.
கழுதையிலிருந்து இறங்கும்போது,
அலமாரியில் மருந்தை எட்டும்போது,
ஒருமுறை வெறும் தும்மலுக்கு.
"சூசை, கதவைச் சாத்து" என்பார்.
தரையில் மல்லாந்து படுப்பார்.
அவர் அக்குளில் என் குதிகாலை ஊன்றி
மணிக்கட்டைப் பிடித்து இழுப்பேன்.
டொக்.
எழுந்து சட்டையைத் தட்டிக்கொண்டு
அடுத்த நோயாளியை வரச்சொல்வார்.
ராணியின் அதிகாரிமேல் கால் வைத்தவன்
இந்த வளைகுடாவில் நான் ஒருவன்தான்.
இதை என் மனைவிக்குக்கூட எழுதவில்லை.

களத்தில் முரடன் என்று பெயராம்.
இங்கே நரம்புச் சிலந்திப் புழுவைத் தீக்குச்சியில் சுற்றி
நாளுக்கு ஓர் அங்குலம், அதற்குமேல் இல்லை,
அறுந்துவிடாமல் இழுத்துக்கொண்டிருந்த விரல்கள் அவை.

மாலையில் படகுக்காரர்களைக் கூட்டி ஆட்டம் சொல்லித்தருவார்.
அவர் ஊர்ப் பந்துக்குள் பன்றியின் மூத்திரப்பை.
இங்கே அதைச் சொன்னாலே கல்லடி.
வெள்ளாட்டுப் பை வாங்கி, மேலே தோல் தைக்கவைத்தார்.
முட்டை வடிவம். எங்கே குதிக்கும் என்று அதற்கே தெரியாது.
முன்னால் ஓடலாம், பந்தைப் பின்னால்தான் கொடுக்கலாம்.
சிரித்து உருண்டார்கள்:
முகம் மக்காவுக்கு, கை பஸ்ராவுக்கா?
முத்துக்குளிக்கும் குலூம் மட்டும் சிரிக்கவில்லை.
மேலே கயிறு பிடிப்பவனைத்
திரும்பிப் பார்க்காமல் நம்புவதே அவன் பிழைப்பு.

கராச்சிக் கப்பலில் காலரா வந்தது.
குவாரன்டைன் கொட்டகையில் குலூமுக்குக் கண்ட அன்றே
தாகம் தலைக்கேறி, கயிற்றைத் தாண்டி,
கடலைக் குடிக்க ஓடினான்.
காவலன் துப்பாக்கியைத் தூக்கினான்.
துரைக்கு வயது முப்பத்தெட்டு. கொஞ்சம் தொப்பை.
மூன்று ராத்திரித் தூக்கம் பாக்கி.
தலை தாழ்ந்தது, தோள் முன்னே வந்தது.
ஓடிய கால்கள் இரண்டையும் கட்டிப்பிடித்து
அலைக்கு ஒரு முழம் முன்னால் மண்ணில் சாய்த்தார்.
இருவரும் எழவில்லை.
நனைந்து, நாறி, வாயெல்லாம் மணலும்
அவனிடமிருந்து வந்ததுமாகத்
துரை சிரித்துக்கொண்டு கிடந்தார்.
தோள் கழன்றிருந்தது.
சாத்துவதற்குக் கதவில்லை.
எல்லார் கண் முன்னாலும் கால் வைத்தேன்.

குலூம் பிழைத்தான். நான்காம் நாள் துரை இல்லை.
பதிவேட்டில் காரணத்துக்கு விட்டிருக்கும் கட்டம்
ஒரு விரல் அகலம்.
காலரா என்று எழுதினேன். நிறைந்துவிட்டது.

குல்லா விலை போகவில்லை.
கார்ன்வாலில் ஓர் அக்கா இருக்கிறாளாம்,
கப்பலில் அனுப்பவேண்டும்.
பட்டியலைச் சரிபார்க்கச் சொன்னார் குமாஸ்தா.
"எல்லாம் வந்துவிட்டதா?"
வந்துவிட்டது என்றேன்.

பந்து வரவில்லை.
அது நேற்றே கடலுக்குப் போய்விட்டது,
குலூமின் கயிற்றில் மிதவையாக.
அவன் மூழ்கியிருக்கும் இடத்துக்கு மேலே
இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று,
குதித்துக்கொண்டிருக்கும்.