அறையின் சத்தம்

"இயல்பா இருங்கக்கா" என்றாள் இயக்குநர்.
பகாவ் பேருந்து நிலையத்தில்
அதே பஸ்ஸிலிருந்து நான்காம் முறை இறங்கினேன்.
மூன்றாம் முறை
இறங்குகிறவள் மாதிரி இறங்கிவிட்டேனாம்.

வீட்டுப் பெயர் பவளக்கொடி. மேடையில் பல்குரல் பவளம்.
கல்யாண விருந்துகளில் ஐஸ்கிரீம் வரும் முன்
பதினைந்து நிமிடம் எனக்கு.
மளிகைக் கடை தவுக்கேயின் மனைவி
என் தொண்டையில் பாக்கிக் கடன் கேட்பாள்.
கண்டக்டர் ரம்லி
"மாசோக் டாலாம், மாசோக் டாலாம்" என்று
ஆளில்லாத பஸ்ஸில் கூட்டத்தை நெருக்குவார்.
செத்துப்போன கிராணி ஒருவர் பேர் கூப்பிட்டால்
முன்வரிசைக் கிழவர்கள் இன்றும் நிமிர்ந்து உட்காருவார்கள்.
மற்ற நாட்களில்
கிளினிக் முகப்பில் எண் கூப்பிடுகிறேன்.

படத்துக்கு இது போதவில்லை.
கித்தா மரம் வேண்டுமாம்.
எங்கள் எஸ்டேட்டில் கித்தாவை விழுத்திச்
செம்பனை போட்டு முப்பது வருஷம்.
பால் வெட்டியது அம்மா.
நான் ஒருநாளும் இல்லை.
சொன்னேன். தலையாட்டினாள்.
ஜுவாசே சாலையோரம் யாருடையதோ ஐந்து ஏக்கரில்
இருட்டோடு கொண்டுபோய் நிறுத்தினார்கள்:
யாருடையதோ முழுக்கைச் சட்டை,
யாருடையதோ நெற்றி விளக்கு.

கத்தி மட்டும் நிஜம்.
அது ரஹ்மாட்டுடையது. லொம்போக்காரன்.
அந்த மரங்களை அன்றாடம் வெட்டுகிறவன்
கேமராவுக்குப் பின்னால் நின்று
என் மணிக்கட்டைப் பார்த்துப் பார்த்து, பொறுக்காமல்,
"புக்கான் மாச்சாம் இத்து, காக்" என்று
படத்துக்குள் வந்துவிட்டான்.

அவனை மெதுவாக வெளியே அனுப்பிவிட்டு
மறுபடி எடுத்தார்கள்.

மாலையில் பேட்டி, என் வீட்டுக் கூடத்தில்.
நாட்காட்டியைக் கழற்றிவிட்டு
அம்மா படத்தை அந்த ஆணியில் மாட்டியிருந்தார்கள்.
"இப்போ உங்க சொந்தக் குரல்ல, நீங்க யாருன்னு."
வாயைத் திறந்தேன்.
வானொலி அறிவிப்பாளரின் ழகரம் வந்தது.
இன்னொரு முறை.
கோலாலம்பூரில் படிக்கும் என் மகள்
வங்கிக்குப் போன் போடும்போது பேசுகிற மாதிரி ஒன்று.
இன்னொரு முறை.
அம்மாவின் இருமல்.
என்ன செய்வது,
அந்தக் குரலை மட்டும் யாரும்
இதுவரை காசு கொடுத்துக் கேட்டதில்லை.

விளக்கை அணைக்கும் முன்
ஒலிப்பதிவு செய்த கியோங் கையை உயர்த்தினான்:
முப்பது வினாடி யாரும் அசையக் கூடாது,
அறையின் சத்தம் மட்டும் வேண்டும்,
வெட்டி ஒட்டும் இடங்களுக்கு அடியில் போட.

மின்விசிறி.
தூரத்தில் செம்பனை மில்.
பக்கத்து வீட்டில் எதையோ தாளித்தார்கள்.

கியோங் ஹெட்ஃபோனைக் காதோடு அழுத்தியபடி
என்னைப் பார்த்தான்.
நெஞ்சில் குத்திய மைக் திறந்தே இருந்தது.
உதட்டுக்குள் நான் எண்ணிக்கொண்டிருந்தேனாம்,
மலாயில், சத்து டுவா தீகா என்று,
துஜூ பெலாஸில் ஒருதரம் தடுக்கி,
பிறகு விட்ட இடத்திலிருந்து.

"இது ஆகாது" என்றான்.
"ஆள் சத்தம் விழுந்திருச்சு.
இன்னொண்ணு எடுப்போம்."