ஆறாவது இடம்

டுலூத்தில் ஜனவரி முடிகிறது.
இரும்புத்தாது ஏற்றிய கடைசிக் கப்பல் போன பிறகு
ஏரி வாயை மூடிக்கொண்டது.
மருத்துவமனையின் அடித்தளத்தில்
காலடியில் ஒரு குட்டி ஹீட்டரோடு
லோர்னா கிவெலா
இன்றைய எழுபத்தோராவது குறிப்பைத் திறக்கிறாள்.

வெர்லின் ஆஸ்ட்பி, ஐம்பத்தெட்டு வயது,
பள்ளிப் பேருந்து ஓட்டுநர்.
நான்கு மாதமாகத் தோள் இறுகிக் கிடக்கிறது.
பேருந்துக் கதவைத் திறக்கக் கை எழவில்லை.
ஒருவேளை உறைந்த தோளாக இருக்கலாம்.
பயிற்சிக்கு அனுப்பியாயிற்று.
டாக்டர் கியா வாங் எழுதியது இவ்வளவுதான்.
அடுத்த நோயாளி வாசலில் நின்றிருப்பார்.

'ஒருவேளை'க்குக் கோடு கிடையாது.
'இருக்கலாம்' என்பதற்குக் காசு தர
இந்த நாட்டில் ஆளில்லை.
உறைந்த தோள் ஒரு நோய்,
அதற்கு எழுபத்தைந்தாம் எண்ணில் சொந்த வீடு.
சந்தேகப்பட்டவனை அங்கே குடிவைக்க முடியாது.
அவனுக்கு எம் இருபத்தைந்து, புள்ளி, ஆறு, ஒன்று.
தோள்மூட்டு இறுக்கம்.
ஏன் என்று கேட்காத சத்திரம்.

மிச்சமிருப்பது ஆறாவது இடம்.
ஒன்று போட்டால் வலது.
இரண்டு போட்டால் இடது.
ஒன்பது போட்டால்
யாரும் சொல்லவில்லை என்று பொருள்.

பிறந்த எவருக்கும் தோள் இரண்டுதான்.
மூன்றாவதைப் புத்தகம் முளைக்க வைத்திருக்கிறது:
குறிப்பிடப்படாத தோள்.
சட்டை கேட்காது, சுமை ஏற்காது,
காப்பீட்டுக் கம்பெனியின் மேசையில் மட்டும் வலிக்கும்.
வலித்தால் பில் திரும்பி வரும்.

லோர்னாவுக்குத் தெரியும், வலதுதான்.
பன்னிரண்டு வருஷம் மஞ்சள் பேருந்தில் போனவள்.
ஓட்டுநரின் வலக்கை எட்டிப் பிடிக்கும்
அந்த நீள இரும்புத் தண்டு,
இழுத்தால் கதவு இரண்டாய் மடிந்து
குளிரை உள்ளே விடும் சத்தம்.
தெரியாமல் என்ன?
விரல் ஒன்றின் மேல் போய் நின்றுவிட்டது.

ஆனால் வேலைக்குச் சேர்ந்த அன்றே சொல்லிவிட்டார்கள்:
உனக்குத் தெரிந்ததை எழுதாதே,
எழுதியிருப்பதை எழுது.
'வலதுதானே டாக்டர்?' என்றுகூடக் கேட்கக் கூடாது,
கேள்வி பதிலின் பக்கம் சாய்ந்துவிடும்.
வலதா, இடதா, இரண்டுமா, சொல்ல இயலாதா.
நான்கு கட்டம், நான்கும் ஒரே அளவு.
அனுப்பினாள்.

தமிழில் கோடு என்றால் நேராக இழுப்பது.
கோடுவது என்றால் வளைவது.
லோர்னாவுக்குத் தமிழ் தெரியாது.
சம்பளம் மட்டும்
இரண்டுக்கும் நடுவில் நிற்பதற்காக வருகிறது.

பதினொரு நாள் பதில் இல்லை.
காலை ஆறு ஐம்பதுக்கு அவள் தெருமுனையில்
ஒரு மஞ்சள் பேருந்து நிற்கும்.
யார் ஓட்டுகிறார் என்று பார்ப்பாள்.
கண்ணாடி முழுக்க உறைபனி.
ஒரு கையின் நிழல், எந்தக் கை என்று சொல்லாத நிழல்,
கண்ணாடியை வட்டமாகத் துடைத்துக்கொண்டிருக்கும்.

பன்னிரண்டாம் நாள்:
'இடது. மன்னிக்கவும், விட்டுப்போயிற்று.
பேருந்து புதிது, கதவுக்குத் தண்டு இல்லை.
பொத்தான்தான். ஜன்னல் பக்கம், உயரத்தில்.'

இரண்டு என்று அடித்தாள்.
என்டர்.
அடுத்த குறிப்பு: முழங்கால், எழுதியிருந்தது, வலது.

சாப்பாட்டு நேரத்தில் யாரிடமும் சொல்லவில்லை.
சொல்ல என்ன இருக்கிறது,
ஒரு தண்டை
யாரும் இல்லாத பேருந்தில்
பதினொரு நாள் இழுத்துக்கொண்டிருந்தாள்.

மாலை, கார் நிறுத்துமிடம்.
முன்கண்ணாடியில் விரற்கடைப் பனி.
சுரண்டியை எடுத்துச் சுரண்ட ஆரம்பித்தவள்
பாதியில் நிறுத்தினாள்.
இடக்கை.
இத்தனை குளிர்காலமும் இடக்கையா,
அல்லது இன்றைக்கு மட்டுமா?
கேட்டால் அவளாலேயே
ஒன்பதுதான் போட முடியும்.