எட்டாவது பேணி

வெள்ளவத்தையில்
ரயில் பாதைக்கும் காலி வீதிக்கும் நடுவே
எங்கள் சமறி.
ஏழு கிளாக்கர்மார்,
உப்புக்காற்றில் துருவேறிய ஏழு சைக்கிள்,
அடுக்களைத் தட்டில் ஏழு மூக்குப்பேணி.
கலவரத்தில் கப்பலேறி ஊருக்கு ஓடி
கார்த்திகையில் திரும்பி வந்தபோது
கதவும் இல்லை, கட்டிலும் இல்லை.
பேணிகள் மட்டும் கிணற்றுக்குள் பத்திரமாய்க் கிடந்தன.
இளையதம்பிதான் போட்டுவிட்டு ஓடியிருந்தார்.
உயிருக்கு முன்னால் பித்தளை.

சட்டம் வந்து ஐந்தாம் வருஷம்
வேலன் வந்தான்.
சுங்கக் கந்தோரில் தட்டெழுத்தாளன்,
நிமிஷத்துக்கு எழுபது சொல் அடிப்பான்.
'முழுப்பெயர்?' என்றார் நமசிவாயத்தார்.
'வேலன்.'
வேலாயுதம் இல்லை, வேலுப்பிள்ளை இல்லை.
பள்ளிக்கூட இடாப்பில் பதிந்த வாத்தியார்
அதற்குமேல் எழுத மறுத்த பெயர்.
ஊரைக் கேட்கத் தேவை இருக்கவில்லை.

யாரும் ஒன்றும் சொல்லவில்லை.
சுதந்திரம் கிடைத்த நாடு, படித்த மனிதர்,
வாடகை எட்டாய்ப் பிரிந்தால் ஆளுக்கு மூன்று ரூபா மிச்சம்.
மறுநாள் காலை
யன்னல் கட்டையில் ஒரு பால்ரின் இருந்தது,
உதடு கிழியாதபடி
விளிம்பைத் தட்டி மழுக்கி.
மழுக்கியவன் நான்.
அதையும் ஒரு கருணை என்று
அன்றைக்கு எண்ணியிருந்தேன்.

காலையில் கோட்டைக்குப் போகும் இரட்டைத்தட்டு பஸ்ஸில்
அவனும் நாங்களும் ஒரே கம்பியில் தொங்குவோம்.
பிரேக் போட்டால் ஒருவர்மேல் ஒருவர் விழுவோம்.
அதில் தீட்டு இல்லை.

பின்னேரங்களில் அரசியல்.
சிங்களப் பரீட்சை எழுதுவதில்லை என்று
சத்தியம் செய்திருந்தோம்.
காலிமுகத்தில் அடிவாங்கிய சபாநாயகம்
சட்டையை விலக்கித் தழும்பைக் காட்டுவார்.
'இரண்டாந்தரப் பிரசைகளாய் வாழவோ?' என்று
மேசையில் குத்துவார்.
ஏழு பேணியும் துள்ளும்.
வேலன் வாசற்படியில் இருந்து கேட்டுக்கொண்டிருப்பான்.
ரயில் போகும்போது பேச்சு நிற்கும்,
போனபின்
விட்ட சொல்லிலிருந்து தொடங்கும்.

ஆடி மாதம் கடிதங்கள் வந்தன.
மண்ணிற உறை, சிங்கள எழுத்து,
பிழிந்த முறுக்கு மாதிரி வளையம் வளையமாய்.
லண்டன் மற்றிக் தேறிய ஏழு மூளைக்கும்
ஒரு வரி விளங்கவில்லை.
'தாருங்கோ' என்றான் வேலன்.
மருதானைச் சலூனில் தலைமயிர் கூட்டிய காலத்தில்
பழைய பேப்பர் பார்த்துப் படித்தவனாம்.
படியில் நின்றே வாசித்தான்.
நமசிவாயத்தாருக்குச் சம்பள உயர்வு நிறுத்தம்.
இளையதம்பிக்கு நிறுத்தம்.
எனக்கும்.
பிறகு தன் சட்டைப்பையிலிருந்து எட்டாவதை எடுத்து
அதே குரலில் வாசித்தான்.
நிறுத்தம்.
அரசாங்கம் எங்களுக்குள்
ஒரு வித்தியாசமும் பார்க்கவில்லை.

'உனக்குப் பாஷை தெரியுமே, எழுதியிருக்கலாமே?'
அவன் சபாநாயகத்தைப் பார்த்தான்.
'சத்தியம் செய்யேக்கை நானும் இங்கைதானே இருந்தனான்.'

இரவு மகஜர்.
கப்பலேறிப் போய்விட்டவனின் பாஷையில்
நாங்கள் சொல்லச் சொல்ல வேலன் அடித்தான்.
ரெமிங்டன் வாடகைக்கு, மணிக்கு ஐம்பது சதம்.
சமத்துவம் என்ற சொல் நான்கு முறை வந்தது.
ஐந்தாவதை நமசிவாயத்தார் வெட்டினார்,
கூறியது கூறல் என்று.
கடைசித் தாள்.
உருளையைத் திருகி நிறுத்தி
தலை நிமிராமல் கேட்டான்:
'கையெழுத்துக்கு எத்தனை கோடு போட?'

பல்லிகூடச் சொல்லவில்லை.
யன்னலில் பால்ரின்
காற்றுக்கு லேசாய் ஊதிக்கொண்டிருந்தது.

எட்டு என்று கேட்டது.
சொன்னது நான் என்றுதான்
பிள்ளைகளுக்கு இன்றைக்கும் சொல்கிறேன்.
ஆனால் அந்தச் சுவரில்
மணியடிக்கும் கடிகாரம் ஒன்று இருந்தது,
நேரமும் அதுதான்.