காசு வந்து

பகல் சாப்பாட்டுக்கு அரை மணித்தியாலம் தருவார்கள்.
அதில் பத்து நிமிசம் பார்சல் சோற்றுக்கு.
மிச்சம் மாளிகாகந்த நீதிமன்றத்துக்கு.

கெய்சர் வீதித் துணிக்கடையின் மேல்தட்டில்,
லைனிங் துணிச் சுருள்களுக்குள்ளே,
சிக்னல் வருகிற இடம் ஒன்றுதான்:
ஜன்னல் கம்பிக்கும் உடைந்த பொம்மைக்கும் நடுவில்.
பொம்மைக்குத் தலையில்லை.
ஒட்டுக்கேட்கும் என்ற பயமில்லை.

முதல் இலக்கம் அடித்து அடித்து ஓய்ந்தது.
இரண்டாவதில் பெக்ஸ் மெஷின் காதுக்குள் கத்தியது.
மூன்றாவதில் ஓர் ஆண்குரல்:
பிஸ்கால் கந்தோர்.
தாபரிப்பா? அது இங்கே இல்லை,
பதிவேட்டறைக்கு எடுங்கள்.

பதிவேட்டறை வழக்கு இலக்கம் கேட்டது.
அடையாள அட்டை இலக்கம் மறந்தாலும் அது மறக்காது,
ஒரே மூச்சில் சொன்னேன்.
எதிராளியின் பெயர்?

நாலு வருசமாக வீட்டில் யாரும் எடுக்காத பெயர்.
சின்னவள் கேட்டால் "அந்தாள்" என்பேன்.
அக்காவுக்கு அவன் "அது".
பொம்மையின் கழுத்துக் குழியைப் பார்த்துக்கொண்டு சொன்னேன்:
நெவில் சவிரிமுத்து றொசைரோ.
ஸ்பெல்லிங்?
ஒவ்வோர் எழுத்தாகச் சொன்னேன்,
கல்யாணக் கார்டுக்கு
அச்சுக்கூடத்துப் பையனிடம் சொன்னமாதிரியே.
அவனும் ஒரு எழுத்தை விட்டுத்தான் எழுதினான்.

"பொட்டக் இன்ன," கொஞ்சம் இருக்கச் சொல்லிவிட்டு
ரிசீவரை மேசையில் வைத்தாள்.
காத்திருப்போருக்கான இசை ஒன்றும் இல்லை.
நீதிமன்றமே கேட்டது.
மின்விசிறி ஏதோ ஒரு காகிதத்தைத்
தூக்கித் தூக்கிப் போட்டது.
ஸ்டேப்ளர். தேத்தண்ணிக் கரண்டி.
யாரோ யாருடைய பெயரையோ
மூன்று தரம் கூப்பிட்டார்கள், நாலாந்தரம் கூப்பிடவில்லை.
பிறகு ரிசீவருக்குப் பக்கத்தில், தமிழில்:

"மிஸ், மட்டக்குளியிலிருந்து வாறன். ரெண்டு பஸ்.
இந்த மாசமாவது?"

ஒரு பக்கம் புரண்டது.
அதற்குமேல் ஒருவரும் ஒன்றும் சொன்னதாகத் தெரியவில்லை.
"சரி மிஸ்," என்றாள் அவள்.

அந்தச் "சரி மிஸ்" எனக்குத் தெரியும்.
அதைச் சொன்னபிறகு கைப்பையின் சிப்பைத் திறந்து மூடுவோம்,
உள்ளே போட ஒன்றும் இல்லாவிட்டாலும்.
திறந்தாள். மூடினாள். இங்கே வரைக்கும் கேட்டது.

அடுத்து சிறாப்பருக்கு மாற்றினார்கள்.
தமிழ் பேசுகிறவர். வாயில் வெற்றிலையோ, மிச்சச் சோறோ.
இலக்கத்தைப் பாதி சொல்லும்போதே
"ஓ, நீங்களா" என்றார்.
அவருக்கு என் முகம் தெரியாது.
ஏடு புரட்டினார். விரலை நனைத்திருப்பார்.

"இந்தா இருக்கு. பிள்ளை, உங்கட காசு வந்து"

அவ்வளவுதான்.
திருப்பி எடுத்தால், மீதி போதாது என்று
மூன்று மொழியிலும் ஒரே மரியாதையோடு ஒரு பெண்.

தமிழில் இந்த "வந்து"வை மட்டும் நம்பக் கூடாது.
வந்ததற்கும் அதுதான்,
சொல்ல வாய் வராததற்கும் அதுதான்.
நெவிலும் அப்படித்தான் தொடங்கினான்,
வாசலில் ஒரு காலில் மட்டும் செருப்போடு நின்று:
"நான் வந்து..."
நானும் முட்டாள்மாதிரி
அவன் எங்கேயோ போய்விட்டு வந்த கதை என்று நினைத்து
அடுப்பைக் குறைத்துவிட்டுக் கேட்க நின்றேன்.

ஐம்பது ரூபாவுக்கு ரீலோட் போடலாம்.
அதே ஐம்பதோடு இன்னும் கொஞ்சம் சேர்த்தால் பஸ்.
பஸ் என்றால் அரைநாள் சம்பளம் வெட்டு.
கணக்குப் பார்க்கும்போதே கீழேயிருந்து முதலாளி கத்தினார்,
பெலிசிற்றா, ஆள் நிக்குது.

முதல்நன்மைச் சட்டைக்கு வெள்ளைச் சட்டின்
ஆறு யார் வேண்டுமாம் அந்தப் பெண்ணுக்கு.
போன கிழமையும் வந்து கேட்டவள்.
ஸ்டொக் வந்திருக்கா, மிஸ்?

வாய் தானாகத் திறந்தது.
அது "வந்து" என்று இழுப்பதற்குள்
இறுக்கி மூடினேன்.
"இருங்கோ," என்றேன்,
"மேல போய்ப் பாத்துச் சொல்லுறன்."
இரண்டிரண்டு படியாக ஏறினேன்.