அவசரம், ஆறாவது இதழ்

கொருக்குப்பேட்டை கேட்டு
ஏழு ஐம்பதுக்கு விழுந்தது.
முதல் கூட்ஸ் போயிற்று.
இரண்டாவது, போகலாமா வேண்டாமா என்று
நடுவில் நின்று யோசித்தது.
தண்ணி லாரி, மூன்று ஷேர் ஆட்டோ,
ஐஸில் புதைந்த வஞ்சிரத்தோடு ஒரு குட்டியானை,
பையும் பிள்ளையுமாய்ப் பிதுங்கும் ஸ்கூல் வேன்.
இடுக்கில் டிவிஎஸ் ஐம்பதை உருட்டிக்கொண்டு
வந்தார் மரிய டைட்டஸ்.
"அவசரம்! அவசரம்!"
பதறிப்போய் ஒருவன் பைக்கை ஒதுக்கினான்.
"ஆம்புலன்ஸ் இல்லப்பா,
பேப்பர் பேரு."

பிப்ரவரி இருபத்தொன்பது.
நாலு வருஷத்துக்கு ஒருமுறை வரும் நாளிதழ்.
மற்ற நாளெல்லாம்
துறைமுகத்தில் கிளியரிங் ஏஜெண்டிடம் குமாஸ்தா அவர்.
கல்யாணப் பத்திரிகை அடிக்கிற பிரஸ்ஸில்
மீந்துபோன மஞ்சள் தாளில் எட்டுப் பக்கம்.
உச்சியில் பிள்ளையாரை எடுக்க மறந்துவிட்டார்கள்.
"இருக்கட்டும்" என்றாராம் டைட்டஸ்,
"கேட்டுல நிக்கிறவனுக்கு
எல்லா சாமியும் வேணும்."

தலைப்புச் செய்தி:
மேம்பாலம் விரைவில்.
ஆறு இதழாக அதே செய்தி.
இந்த முறை எழுத்து கொஞ்சம் பெரிசு.

ராசிபலன்.
மீனம்: கேட்டில் நிற்பீர்கள்.
மற்ற பதினோரு ராசிக்காரர்கள்
மீனத்தைப் பார்த்துக்கொள்ளவும்.

தொடர்கதையில் இரண்டாயிரத்து நாலில்
ஏட்டு ஒருவர் கதவைத் தட்டினார்.
எட்டில் மறுபடி தட்டினார்.
பன்னிரண்டில் கை வலித்தது.
இன்றைக்குத்தான் உள்ளேயிருந்து ஒரு குரல்:
"இரு, வரேன்."
தொடரும்.

வரி விளம்பரம்,
எல்லாம் ஒரே போன் நம்பர்.
முதல் இதழில்: பெண் தேவை.
அடுத்ததில்: எல்கேஜி சீட் தேவை.
அப்புறம் டியூஷன் வாத்தியார்,
அப்புறம் செகண்ட் ஹேண்ட் சைக்கிள்.
இன்று:
நிம்மதி தேவை. புரோக்கர்கள் வேண்டாம்.

என்னிடம் எல்லா இதழும் இருக்கிறது,
கேஸ் புக்குக்கு அடியில்.
இரண்டாயிரத்து இருபதின் தலையங்கம் இப்படி முடியும்:
"ஆக, இந்த வருஷம் சிறப்பாக எதுவும்
நடக்கப்போவதாகத் தெரியவில்லை."
அதைப் படித்து வீட்டில் விழுந்து விழுந்து சிரித்தோம்,
அப்போதல்ல, பின்னால்,
சிரிக்க முடிந்த பிறகு.

இரண்டாவது இதழில் மட்டும்
நாலாம் பக்கத்தில் ஒரு சின்னக் கட்டம்.
"திருத்தம்:
சென்ற இதழில், வானிலைப் பகுதியில்,
'காசிமேட்டில் கடல் அமைதி, வருஷம் முழுக்க'
என்று வேடிக்கையாகப் போட்டிருந்தோம்.
வருந்துகிறோம்."
அவ்வளவுதான்.
பக்கத்தில் மிச்ச இடத்தை
வெள்ளையாக,
இல்லை, மஞ்சளாக விட்டிருந்தார்.
டைட்டஸின் தம்பி அந்த டிசம்பரில்
வலை காயப்போடப் போனவன் என்று
யாரும் எனக்குச் சொல்லவில்லை.
சைக்கிள் ஸ்டாண்டில் இரண்டு பேர் பேசிக்கொண்டது
காதில் விழுந்தது.

ஷேர் ஆட்டோவுக்குள்ளிருந்து
ஷர்புன்னிசா கையை நீட்டினாள்.
பழைய வண்ணாரப்பேட்டையில் நைட்டிக் கடை,
வயசு அறுபத்து மூன்று.
"சந்தா கட்டணும் நைனா, பத்து இதழுக்கு."
டைட்டஸ் விரல் விட்டு எண்ணினார்.
உதடு அசைந்தது. ஒரு விரலில் நின்றார்.
"அஞ்சுக்குக் கட்டும்மா இப்ப.
மீதி அப்புறம்..."
"இன்னா கணக்கு போடுற நீ?
நீ போட மாட்டியா, நான் படிக்க மாட்டனா?"
நூறு ரூபாய்த் தாளை
ஹேண்டில்பாரில் செருகினாள்.
"பத்துன்னு எழுது ரசீதுல.
எழுத்தால எழுது, நம்பர்ல வேணாம்."

அவர் பேனாவைத் தேடும்போது
கேட்டு தூக்கியது.
எல்லா ஹாரனும் ஒன்றாய் அலறியது.
"யோவ் அவசரம், வண்டிய எடுய்யா!"
பேரைச் சொல்கிறானா, விஷயத்தைச் சொல்கிறானா
தெரியவில்லை.
பெட்ரோல் டேங்கில் காகிதத்தை வைத்து
டைட்டஸ் எழுதிக்கொண்டிருந்தார்,
ப,
த்,