தவிடன்

புதிதாக வருகிறவர்கள்
பட்டப்பெயர் என்றுதான் நினைக்கிறார்கள்.
இல்லை, பதிவிலேயே அப்படித்தான்:
தாமோதரம்பிள்ளை தவிடன், ஒட்டுசுட்டான்.

எனக்கு முன் மூன்று.
ஒன்று காய்ச்சலில், ஒன்று பாம்பில்,
ஒன்று ஏனென்றே தெரியாமல்.
நாலாவதைச் சுளகில் கிடத்தி
அம்மா வேலிப் பொட்டுக்குள்ளால் நீட்ட
பக்கத்து வளவுக் கதிராசி
ஒரு கொத்துத் தவிடு அளந்து கொடுத்து வாங்கினாளாம்.
தவிட்டு விலைக்குப் போனதை
எமன் ஏறெடுத்தும் பாரான் என்று கணக்கு.
பொழுதுபடமுன் என்னைத் திருப்பி எடுத்தார்கள்.
தவிட்டைச் சிவலைப் பசு தின்றுவிட்டது.

இடாப்பில் என் பெயர் வரும்போது
மாஸ்டர் கொஞ்சம் நிற்பார்,
வகுப்பு சிரித்து முடியட்டும் என்று.
சோதனைச் சாவடியில் ஒருவன்
இயக்கப் பெயரோ என்று சந்தேகப்பட்டு
ஒரு மணித்தியாலம் வெயிலில் நிறுத்தினான்.
பிறகு போ என்றான்.

கதிராசி தன் பெடியன்களுக்கு
எண்சாத்திரம் பார்த்துத்தான் வைத்தாள்:
ஜெயரூபன், ஜெயசீலன்.
முல்லைத்தீவில், கொட்டகைத் தகரத்தில்
படங்களின் கீழே எழுதியிருக்கிறது.
வாசிக்க இப்போதும் வடிவான பெயர்கள்.

போன மாரியில் அவளும் போனாள்.
பெறாமகன் ஒருவன் கனடாவிலிருந்து
வீடியோவில் பார்ப்பதாகச் சொன்னான்.
கொள்ளிக்கு ஆளில்லை.
சனம் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தது.
நான் சேட்டைக் கழற்றினேன்.

"நீர் என்ன முறை?" என்றார் குருக்கள்.

வாங்கின முறை என்றேன்.
அந்தக் கொத்துத் தவிட்டை
எங்கள் வீட்டில் இன்னும்
திருப்பிக் கொடுக்கவில்லை.