வாய்தா

பதினேழாவது கொண்டை ஊசி வளைவில்
கடைசிப் பேருந்து இறங்கியதற்கும்
பால்வண்டி ஏறுவதற்கும் நடுவில்
மன்றம் கூடும்.
நான் அங்கே டவாலி.
சிவப்புப் பட்டையைத் தோளில் மாட்டி
ஒவ்வொரு பெயரையும் மூன்று முறை கூப்பிடுவது
என் வேலை.

நீதிபதி, வளைவில் நட்டிருக்கும்
குவிந்த கண்ணாடிக்குள் மட்டும் தெரிவார்,
நெற்றி பெருத்து, கால் சிறுத்து.
திரும்பிப் பார்த்தால் அந்த இடத்தில்
சில்வர் ஓக்கும் அதில் ஏறிய மிளகும்தான்.

இங்கே வருகிறவை வரப்புத் தகராறுகள் அல்ல.
ஜங்ஷனில் ரயிலை மூச்சால் பிடித்து வைத்தவன்,
செவ்வாய்ப்பேட்டையில் ஒரே வெள்ளிக்கிழமையை
இரண்டு பேருக்கு விற்றவன்,
வெள்ளைக்கல் சுரங்கத்துக்கு அடியில்
மலையின் விசையைக்
கொக்கி போட்டு இழுத்தவன்.
விசைக்கு மீட்டர் உண்டு.
எங்கே என்று எனக்கும் சொன்னதில்லை.

இன்று பாவாயி.
அயோத்தியாப்பட்டணம் தாண்டி ஒரு ஜவ்வரிசி ஆலை,
அதன் சிமெண்டுக் களத்தில் காயப்போடுகிறவள்.
பங்குனி பதினொன்றாம் தேதி
ஏற்காட்டுக்குப் போக வேண்டிய மேகத்தை
நாற்பது நிமிடம் நடுவானில் நிறுத்தினாள்
என்கிறது குற்றப்பத்திரிகை.

வாதி, நாகலூர் எஸ்டேட் ரைட்டர் ஸ்தனிஸ்லாஸ்.
"பூமழைங்க ஐயா.
மொட்டு வெடிக்கக் காத்துக்கிட்டிருந்தது.
அந்த நாற்பது நிமிசத்துல காத்து மாறி
எங்களுக்கு வர வேண்டியது
மஞ்சக்குட்டையில பெஞ்சிருச்சு.
பூமழை தப்பினா காப்பிச்செடி
வருசம் பூரா பொய் சொல்லும்."

கண்ணாடி கேட்டது:
மேகத்துக்கு உன் பேரில் பட்டா இருக்கிறதா?
"இல்லைங்க."
எந்த மந்திரம்?
"அதெல்லாம் தெரியாதுங்க.
இருன்னேன். இருந்துச்சு."

ஜவ்வரிசி நனையாமலிருக்கத்தானே, என்று
குமாஸ்தா அடியெடுத்துக் கொடுத்தார்.
ஆமாம் என்றால் போதும், பிரிவு வேறு,
பிழைப்புக்காக நிறுத்தியது, பாதி அபராதம்.
பாவாயி அதைப் பிடித்துக்கொள்ளவில்லை.
"தார்ப்பாய் இருக்குதுங்க. மூடறதுக்குப் பத்துப் பேர்.
நான் அப்பத்தான் உக்காந்தேன்.
மழை வந்தா எந்திரிக்கணும்."

ரைட்டர் காகிதங்களைப் புரட்டினார்.
அதற்கு அடுத்த கேள்வி
அவற்றில் எழுதியிருக்கவில்லை.

சட்டம் சின்னது. எடுத்ததைத் திருப்ப வேண்டும்.
உன் நேரத்தில் எந்த நாற்பதைத் தருகிறாய்?
அவள் விரல்விட்டு எண்ணினாள்.
குழாயடி வரிசை, அது குடத்தோடது.
ஷேர் ஆட்டோ, அது ஆலையோடது.
செவ்வாய் வெள்ளி டயாலிசிஸ், அது மாமனாரோடது.
தூக்கம், அது மறுநாள் கூலிக்கு
முன்பணமாகப் போய்விட்டது.
சுண்டுவிரலில் நின்றாள்.
"என் பேர்ல இருக்கறது அந்த நாற்பது மட்டுந்தாங்க.
அதையே எடுத்துக்குங்க.
ஆனா நான் உக்காந்திருந்ததை
எப்படி எடுப்பீங்கன்னு தெரியலை."

கண்ணாடியில் ஆவி படிந்தது.
உள்ளிருந்து யாரோ புறங்கையால் துடைத்தார்கள்.
வெகு நேரம் கழித்து ஒரு குரல்:
தீர்ப்புக்குக் கூப்பிடு.

தேடிப் போனேன்.
கைப்பிடிச் சுவரில் சாய்ந்திருக்கிறாள்.
செருப்பைக் கழற்றிப் பக்கத்தில் வைத்திருக்கிறாள்.
கீழே சேலம் முழுக்க விளக்கு.
அவள் அதைப் பார்க்கவில்லை. தூங்குகிறாள்.

பாவாயீ.
ஒன்று, பள்ளத்தாக்குக்குக் கேட்கும்படி.
பாவாயி.
இரண்டு, என் சட்டைப் பொத்தானுக்கு.

மூன்றாவது இல்லாமல் தீர்ப்பில்லை.
இரண்டாவதற்கும் மூன்றாவதற்கும் நடுவே
எவ்வளவு விடலாம் என்று
விதிப்புத்தகத்தில் இல்லை.
இருபத்தாறு வருடம் புரட்டியவன் நான்.

அடிவாரத்தில் பால்வண்டி கியர் மாற்றுகிறது.
வெறும் கேன்கள் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டு
நான்காவது வளைவு.
ஐந்தாவது.

வாயை மூடிக்கொண்டு நிற்கிறேன்.
மலைக்குள் எங்கோ ஒரு மீட்டர்
என் பேரில் ஓடத் தொடங்குகிறது.